மூன்றடி நீளத்தில் என் பெயர்

கோத்தகிரியில் நான் குடியிருக்கும் வீட்டின் பின்பக்க அறையில் இரண்டு மானிட்டர், ஒரு ஹார்டு டிஸ்க் அடுக்கு, ஒரு ரூம் ஹீட்டர் இருக்கின்றன. ஜன்னலுக்குக் கனமான கறுப்புத் திரை போட்டிருக்கிறேன். பால் கொண்டுவரும் அக்கா ஒருநாள் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, "இம்புட்டு நல்ல வியூ இருக்கிற வீட்டைப் புடிச்சுட்டு, ஜன்னலை மூடிட்டு உக்காந்திருக்கீங்களே சார்" என்றார். அந்த வியூவுக்காக டூரிஸ்டுகள் ஒரு ராத்திரிக்கு ஆயிரக்கணக்கில் கொடுக்கிறார்கள்தான். சினிமா எடிட்டரான எனக்கு அது தொந்தரவு. ஒரு மேகம் ஜன்னலைக் கடந்தால் போதும், திரையில் இருக்கிற முகத்தின் நிறம் வேறாகத் தெரியும்.

இருட்டில் உட்காருவது எங்கள் குடும்பத் தொழில் என்று அவரிடம் சொன்னேன். அவர் சிரித்துவிட்டுப் போய்விட்டார். ஆனால் நான் சொன்னது நிஜம்.

அப்பா ஊட்டி இந்து நகரில் இருந்த ஹிந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸில் வேலை பார்த்தார். 1960-ல் தொடங்கிய மத்திய அரசு நிறுவனம். 1967-ல் உற்பத்தி ஆரம்பமானது. ஊரில் எல்லோருக்கும் அது எச்.பி.எஃப். அல்லது வெறும் 'ஃபேக்டரி'. 'இந்து' என்ற பெயரில் எக்ஸ்-ரே ஃபிலிம், கறுப்பு வெள்ளை ரோல், போட்டோ பிரிண்ட் போடும் பேப்பர், தியேட்டர் பிரிண்ட் போடும் சினிமா பாசிட்டிவ் எல்லாம் அங்கே செய்தார்கள். (இந்து என்றால் நிலா. புதிதாக ஊருக்கு வருபவர்களுக்கு இதை விளக்கியே எங்களுக்கு வாய் வலித்துவிட்டது.) ஃபிலிம் செய்ய ஏன் ஊட்டி என்றால், தூசு கிடையாது, குளிர் உண்டு. ஜெலட்டினில் வெள்ளி உப்பைக் கலந்து, பிளாஸ்டிக் சுருளின்மேல் பாலாடை படிவதுபோல் பூச வேண்டும். அதில் ஒரு தூசு விழுந்தாலும் திரையில் பூச்சி மாதிரி தெரியும்.

அப்பா அந்தப் பூச்சுப் பிரிவில் இருந்தார். மங்கலான சிவப்பு விளக்கில் வேலை, சில இடங்களில் அதுவும் இல்லாத முழு இருட்டு. சேர்ந்த புதிதில் சுவரைத் தடவித் தடவித்தான் நடந்தாராம். "என்னப்பா செய்வீங்க உள்ள?" என்று கேட்டால், "எனக்கென்ன கண்ணு தெரியும், நான் பாத்ததே இல்லையே" என்பார். ஆயுசு முழுக்க ஃபிலிம் செய்தவர், அதன்மேல் ஒரு படம் விழுந்து பார்த்ததில்லை. படம் விழுந்தால் அந்தச் சுருள் வீண் என்று அர்த்தம். வெற்று ஃபிலிமை வெற்றாகவே வெளியே அனுப்புவதுதான் அவர் வேலை.

தமிழ் எடிட்டிங் உலகில் அப்பா பிள்ளைக் கதைகள் உண்டு. எடிட்டர் பி. லெனின் இயக்குநர் பீம்சிங்கின் மகன். ஸ்ரீகர் பிரசாத்தின் அப்பாவும் எடிட்டர். நானும் ஃபிலிம்காரர் மகன்தான் என்று வடபழனியில் ஆரம்ப நாட்களில் சொல்லிக்கொண்டு திரிந்தேன். எந்தப் படம் என்று கேட்பார்கள். எல்லாப் படமும் என்பேன். கொஞ்ச நாளில் அந்த நகைச்சுவை எனக்கே சலித்துவிட்டது.

ஃபேக்டரி ஃபிலிம் வீட்டுக்கு வராது, வரவும் கூடாது. எங்களுக்கு ஃபிலிம் கிடைத்தது தியேட்டரில். ஆபரேட்டரின் கையாள் ஒருவர் அறுந்த துண்டுகளைப் பையன்களுக்கு விற்பார். ஃபியூஸ் போன பல்பின் உள்பாகத்தைத் தட்டி எடுத்துவிட்டு, தண்ணீர் ஊற்றினால் லென்ஸ். வாசலில் ஒருவன் முகம் பார்க்கும் கண்ணாடியைச் சாய்த்து வெயிலைப் பிடித்து உள்ளே அனுப்புவான். நடுவில் ஃபிலிம் துண்டு. அப்பாவின் வேட்டிதான் திரை. சமவெளியில் இந்த விளையாட்டை விளையாடாத பையன் இல்லை. எங்கள் ஊரில் ஒரே ஒரு கஷ்டம், வெயில் நிற்காது. எம்.ஜி.ஆர். முகம் வேட்டியில் ஏறி, கண் மட்டும் தெளிவாகும் நேரத்தில் மேகம் வந்துவிடும். திரும்ப வெயில் வரும்வரை பல்பைப் பிடித்தபடியே நிற்போம்.

1990-ல் சென்னைக்கு வந்தேன். தரமணி ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டில் இடம் கிடைக்கவில்லை. தெரிந்தவர் ஒருவர் மூலம் ஒரு எடிட்டரிடம் கடைசி உதவியாளனாகச் சேர்ந்தேன். பெயர் சொல்ல மாட்டேன். கைராசிக்காரர், கோபக்காரர். அறையில் ஒரு ஸ்டீன்பெக், ஒரு பழைய மூவியோலா. இரண்டும் ஃபிலிமை ஓட்டிப் பார்த்து எடிட் செய்கிற மெஷின்கள். மூவியோலா ஓடும்போது தையல் மெஷின் கடையில் இருப்பதுபோல் சத்தம்.

அப்போது எங்கள் பேச்சில் நிமிஷம், நொடி கிடையாது. எல்லாம் அடிதான். ஒரு அடி ஃபிலிமில் 16 ஃபிரேம், அதாவது தனித்தனிப் படம்; ஒரு நொடிக்கு 24, ஆக ஒரு நொடி ஒன்றரை அடி. ஒரு நிமிஷம் 90 அடி. 14,000 அடி என்றால் இரண்டரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதலான படம். "அந்த அழுகை ரெண்டடி அதிகம்" என்பார் எடிட்டர். அழுகையை அடிக்கணக்கில் அளப்பது முதல் வாரம் விநோதமாக இருந்தது. அப்புறம் பஸ்ஸில் இரண்டு பேர் சண்டை போட்டாலும் எத்தனை அடி என்று மனசு கணக்குப் போட ஆரம்பித்துவிட்டது.

உதவியாளன் வேலை என்பது வெட்டுவது இல்லை, வெட்டியதைத் தொலைக்காமல் இருப்பது. துணிப்பை கட்டிய ஒரு தொட்டி, அதன்மேல் சட்டம், சட்டத்தில் வரிசையாக ஊசிகள். ஒவ்வொரு ஊசியிலும் ஒரு ஷாட்டின் மிச்சம் தொங்கும். அந்தத் தொட்டிக்குப் பெயர் பின் (bin). இன்றைக்குக் கம்ப்யூட்டரில் எடிட் செய்கிற பிள்ளைகள் 'பின்' என்று ஒரு ஃபோல்டரைத் திறக்கிறார்களே, அந்தப் பெயர் இந்தத் துணித்தொட்டியிலிருந்து வந்தது. துண்டுகள் அதிகமானால் கழுத்தில் மாலை மாதிரி போட்டுக்கொள்வோம்.

சேர்ந்த மூன்றாவது மாதம் பதினோரு ஃபிரேம் துண்டு ஒன்றைத் தொலைத்தேன். கதாநாயகி தலையைத் திருப்பிப் பார்க்கிற பார்வையின் தொடக்கம். அரை நொடிகூட இல்லை. முதல் நாள் "வேண்டாம்" என்று எடிட்டர் வெட்டிப் போட்டது, மறுநாள் "கொண்டா" என்றார். இல்லை. தொட்டியைக் கவிழ்த்தோம், குப்பையைக் கொட்டினோம், மூன்று பேர் தரையில் தவழ்ந்தோம். மணி பதினொன்று ஆனது. திட்டு வாங்கிக்கொண்டு அறைக்குப் போய்ச் சட்டையைக் கழற்றியபோது, காலருக்கு உள்பக்கம், பிடரியில் வியர்வையில் ஒட்டிக்கொண்டிருந்தது அந்தப் பார்வை. ஊட்டியில் வளர்ந்த எனக்குச் சட்டைக்குள் இவ்வளவு வியர்க்கும் என்பதே புதிது. திரும்ப ஓடினேன். எடிட்டர் துண்டை விளக்கில் காட்டிப் பார்த்தார், ஸ்பிரிட் போட்டுத் துடைத்தார், ஒட்டினார், ஓட்டிப் பார்த்தார். "இல்லாமலே நல்லாருக்கு" என்று மறுபடி வெட்டி என்னிடமே கொடுத்தார்.

அன்றைக்கு அழுகை வந்தது. ஆனால் அவர் செய்தது சரி. அந்தத் துண்டைத் தேடி ஏழு மணி நேரம் போனதால் அது படத்தில் இருந்தே ஆக வேண்டும் என்பதில்லை. ஷூட்டிங் ஸ்பாட்டிலும் இதே கதைதான். மழையில் நனைந்து, கிரேனை மலைமேல் தள்ளி, நாற்பது பேர் பட்டினி கிடந்து எடுத்த ஷாட் என்பதால் இயக்குநருக்கு அதை விட மனசு வராது. எடிட்டர் அங்கே இல்லாதவர். அந்தப் பட்டினி அவருக்குத் தெரியாது. தெரியாமல் இருப்பதற்குத்தான் அவருக்குச் சம்பளம். நல்ல எடிட்டர்கள் ஸ்பாட்டுக்குப் போக யோசிப்பதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

எனக்கு இதில்தான் சிக்கல். அந்தக் காலத்தில் தமிழ்ப் படத்தில் பாட்டென்றால் பாதி எங்கள் ஊர். ரஷ், அதாவது எடுத்த காட்சிகளின் ஃபிலிம், வந்து விழும்போது நான் அங்கே போகாமலே அங்கே இருந்தேன். எந்த வளைவு, எந்த மரம், எத்தனை மணி வெளிச்சம் என்று எல்லாம் தெரியும்.

ஒரு பாட்டு ஊட்டி–கூடலூர் சாலையில் 'ஷூட்டிங் மட்டம்' என்ற புல்வெளியில் எடுத்தது. நாலரை நிமிஷப் பாட்டு, 405 அடி வேண்டும், வந்தது 3,800 அடி. மே மாதம். முதல் நாள் காலை பளிச்சென்று வெயில், புல்வெளி பச்சையாகச் சிரிக்கிறது. சீசன் நேரத்தில் எங்கள் ஊரில் காலை வெளிச்சத்தை நம்பலாம், மதியத்துக்குமேல் நம்பக் கூடாது. இது அந்த யூனிட்டுக்குத் தெரியவில்லை. லாங் ஷாட்களைக் காலையில் முடித்துவிட்டு குளோஸப்களை மதியத்துக்கு வைத்திருந்தார்கள். மேகம் இறங்கிவிட்டது. லாங் ஷாட்டில் இரண்டு பேரும் வெயிலில் ஓடுகிறார்கள், குளோஸப்பில் அவர்கள் தலைக்குப் பின்னால் வெள்ளைச் சுவர். இரண்டையும் ஒட்டினால் கதவைத் திறந்து மூடுவதுபோல் இருந்தது.

ரீஷூட் போக நடிகையின் தேதி இல்லை. எடிட்டர் என்னைப் பார்த்து, "உங்க ஊருதானடா, நீயே அழு" என்று மூன்று நாள் ஸ்டீன்பெக்கைக் கொடுத்தார்.

பாட்டில் இஷ்டத்துக்கு ஷாட்டை மாற்றிப் போட முடியாது. வாயசைப்பு இருக்கிறது. முதல் சரணத்து வரிக்கு வாயசைத்த குளோஸப்பை இரண்டாவது சரணத்தில் வைத்தால் ஊமைகூடக் கண்டுபிடித்துவிடுவான். நான் முதலில் செய்தது, ஷாட்களை நம்பர் வரிசையில் அடுக்காமல் நிழல் வரிசையில் அடுக்கியது. நிழல் குட்டை, நிழல் இல்லை, லேசான மேகம், அடர்ந்த மேகம். அப்புறம் முதல் சரணத்துக்கு வாய் தெரியாத ஷாட்களாகத் தேடினேன்: முதுகு, தூரத்தில் ஓட்டம், துப்பட்டா, கால். எல்லாம் வெயிலில். இடையிசையில் லேசான மேகம். மேகத்தில் எடுத்த குளோஸப் முழுவதையும் இரண்டாவது சரணத்துக்குத் தள்ளினேன். கடைசிப் பல்லவியில் ஆளே தெரியாத ஷாட் ஒன்று, கேமராமேன் மறந்துபோய் ஓட விட்டதாம், அதை முப்பதடி வைத்தேன். மேகத்துக்குள்ளிருந்து குரல் மட்டும்.

படம் வந்தபோது ஒரு பத்திரிகை, காதலின் மயக்கத்தைக் காட்ட மேகம் இறங்கும்வரை காத்திருந்து படமாக்கிய இயக்குநரின் பொறுமையைப் பாராட்டியிருந்தது. அந்தப் பக்கத்தைக் கத்தரித்துப் பல நாள் பர்ஸில் வைத்திருந்தேன். காத்திருந்தது யார் என்று பல்பு பிடித்து நின்ற பையன்களுக்குத் தெரியும்.

அப்பாவுக்கு அந்தப் பாட்டு பிடிக்கவில்லை. அவருடைய புகார் வேறு. "ஏங்கண்ணு, அந்தப் புள்ள ஷூட்டிங் மட்டத்துல ஓட ஆரம்பிக்குது, போயி கோடநாட்டுல நிக்குது. நடுவுல அம்பது கிலோமீட்டருக்கு மேல இருக்குது. பஸ்ஸுல போனாலே பாதி நாள் ஓடிப்போகும். நீயாவது சொல்லப்படாதா?" கோயம்புத்தூர்க்காரனுக்கு அது தெரியாதுப்பா என்றேன். "நமக்குத் தெரியுமல்லோ" என்றார். இதற்குப் பதில் அன்றைக்கும் இல்லை, இன்றைக்கும் இல்லை. வெட்டு இரண்டு மலையை ஒட்டிவிடும். அந்த மலைகளில் குடியிருப்பவனுக்கு மட்டும் அது ஒட்டாது.

கல்யாணம் ஆனது. சினிமாவில் பாக்கி வைப்பவர்கள் அதிகம், கொடுப்பவர்கள் குறைவு. 1998-ல் தொலைக்காட்சிப் பக்கம் போனேன். தனியார் சேனல்கள் வந்து ஐந்தாறு வருஷம் ஆகி, சீரியல் சூடு பிடித்திருந்த நேரம். மாசச் சம்பளம் என்ற சொல்லை முதல்முறையாகக் கேட்டேன்.

அங்கே ஃபிலிம் இல்லை, டேப். ஒரு மெஷினில் ஓட்டி இன்னொரு மெஷினில் பதிவு செய்ய வேண்டும். ஒவ்வொரு வெட்டுக்கும் இரண்டு மெஷினும் ஐந்து நொடி பின்னால் போய், மூச்சு வாங்கி, ஓடி வந்து ஒட்டும். நடுவில் ஒரு ஷாட்டைக் குறைக்க வேண்டுமென்றால் அதற்குப் பின்னால் இருக்கும் எல்லாவற்றையும் திரும்பச் செய்ய வேண்டும். அதனால் யாரும் எதையும் திருத்த மாட்டார்கள். இன்றைக்குப் பழைய சீரியல்களைக் கிண்டல் செய்பவர்கள் இந்த மெஷினையும் கொஞ்சம் கணக்கில் சேர்த்துக்கொள்ளலாம்.

சினிமா எனக்குக் குறைக்கக் கற்றுக்கொடுத்தது, சீரியல் இழுக்கக் கற்றுக்கொடுத்தது. அரை மணி நேர இடத்தில் விளம்பரம் போக இருபத்திரண்டு நிமிஷம் நிரப்ப வேண்டும். பல நாள் கையில் வருவது பதினேழு நிமிஷம். மாமியார் ஒரு வார்த்தை சொன்னதும் எட்டுப் பேர் முகத்தையும் ஒவ்வொன்றாகக் காட்டி, மூன்று முறை டும் டும் டும் என்று மருமகளிடம் திரும்பி வருகிறதே, அது கலை இல்லை, கணக்கு. முகம் ஒன்றுக்கு நாலு நொடி என்றால் ஒரு சுற்றுக்கு அரை நிமிஷம். ஒருமுறை சமையல்காரராக வந்த துணை நடிகருக்குப் பன்னிரண்டு நொடி ரியாக்‌ஷன் வைத்தேன். அடுத்த வாரம் அவருக்கு வசனம் எழுதிவிட்டார்கள், ஆறு மாதத்தில் அவருக்கு ஒரு சதித்திட்டமே கிடைத்தது. தீபாவளிக்கு என் வீட்டுக்கு ஸ்வீட் பாக்ஸ் அனுப்பினார்.

கேவலமாகச் சொல்லவில்லை. இழுப்பதிலும் ஒரு நேர்மை உண்டு. வெறுமனே நிற்கும் முகத்தை எத்தனை நொடி தாங்க முடியும் என்று எனக்குச் சொல்லிக்கொடுத்தது சீரியல்தான். நல்ல நடிகையின் முகம் எட்டு நொடி தாங்கும்.

கம்ப்யூட்டர் நடுவிலேயே வந்துவிட்டது. எடிட்டிங் மென்பொருளில் முதலில் ஏவிட், அப்புறம் ஃபைனல் கட். முதல் நாள் ஒரு ஷாட்டை வெட்டிவிட்டு, கை தானாகக் கழுத்துக்குப் போனது, துண்டை மாட்டிக்கொள்ள. எதுவும் தொலையாது, வெட்டியது எல்லாம் திரும்ப வரும், நூறு விதமாகப் போட்டுப் பார்க்கலாம். அதனால் நூறு விதமாகப் போட்டுப் பார்க்கச் சொல்கிறார்கள். ஃபிலிமில் கடைசியாக நெகட்டிவ் வெட்டும்போது ஒட்டுகிற இடத்தில் ஒரு ஃபிரேம் போயே போய்விடும், திரும்பச் சேர்க்க வழியில்லை. அந்தப் பயத்தில் முடிவு எடுத்தோம். இப்போது பயம் இல்லை, முடிவும் இல்லை. 'ஃபைனல்', 'ஃபைனல் 2', 'ஃபைனல் உண்மையான ஃபைனல்' என்று ஃபோல்டர் போய்க்கொண்டே இருக்கிறது.

எச்.பி.எஃப். 90களின் நடுவில் நலிவடைந்த நிறுவனமாக அறிவிக்கப்பட்டு, மெல்ல மெல்லச் சுருங்கி, பிறகு மூடப்பட்டது. 2012 ஜனவரியில் அமெரிக்க ஃபிலிம் நிறுவனமான கோடாக்கே திவால் மனு போட்டது. செய்தியைப் போனில் படித்துக் காட்டினேன். அப்பா ரிட்டயர் ஆகி ரொம்ப நாளாகியிருந்தது. "அவனுக்குமா?" என்று கேட்டார். அதில் துக்கமா, பங்காளி கடையும் படுத்ததே என்ற ஆறுதலா என்று எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை. சென்னையில் ஃபிலிம் கழுவும் லேப்கள் ஒவ்வொன்றாக அணைந்தன. நான் 2021-ல் மலைக்கே திரும்பிவிட்டேன். ஃபைபர் லைன் இருக்கிறது. சென்னையிலிருந்து சின்ன அளவு ஃபைல்களை அனுப்புகிறார்கள், நான் வெட்டி அனுப்புகிறேன். மழை நாளில் மரம் விழுந்தால் லைன் போய்விடும். அன்றைக்கு லீவு.

பால் அக்கா போன வாரம் கேட்டார், "படத்துல உங்க பேரு வருமா சார்?"

வரும் அக்கா என்றேன். முதல்முறை வந்தது 1993-ல். உதவி எடிட்டர்கள் என்று ஒரே கார்டில் நாலு பேர், நான் கடைசி. நானே அளந்து ஒட்டிய டைட்டில். இரண்டு நொடி, 48 ஃபிரேம், மூன்றடி. மூன்றடியைத் திருட்டுத்தனமாக நாலடி ஆக்கலாமா என்று யோசித்து, எடிட்டருக்குப் பயந்து விட்டுவிட்டேன்.

படம் கோயம்புத்தூரில் ஓடி முடித்து, அந்தப் பிரிண்ட் ஊட்டிக்கு வர ஒன்றரை மாதம். அப்பா ஃபேக்டரி நண்பர்கள் நாலு பேரை மஃப்ளரும் குல்லாவுமாகக் கூட்டிப்போனார். டைட்டில் ஓடும்போது ஒருவர் வர்க்கி பிஸ்கட் பொட்டலத்தை நீட்ட, அப்பா குனிந்து எடுத்துவிட்டு நிமிர்ந்தபோது இசையமைப்பாளர் பெயர் போய்க்கொண்டிருந்தது. நண்பர்கள் பார்த்தோம் என்று சத்தியம் செய்தார்கள். அப்பா நம்பவில்லை.

மறுநாள் தனியாகப் போனார். கண் இமைக்காமல் உட்கார்ந்திருக்கிறார். படத்தின் பெயர் வந்தது, நேராக முதல் காட்சி வந்தது. நடுவில் ஒன்றும் இல்லை. பழைய பிரிண்ட், ரீலின் தலைப்பக்கம் அடிக்கடி அறுந்திருக்கிறது, ஆபரேட்டர் மொத்தமாக வெட்டி எடுத்துவிட்டார். ஷோ முடிய நேரமானால் பாட்டையே வெட்டுகிறவர்கள் அவர்கள். எந்தப் படத்துக்கும் கடைசி எடிட்டர் தியேட்டர் ஆபரேட்டர்தான்.

அன்று ராத்திரி எஸ்.டி.டி. பூத்திலிருந்து, நான் வேலை செய்த இடத்துக்குப் போன் போட்டார். நடந்ததைச் சொன்னார். ஆபரேட்டரைத் திட்டுவார் என்று நினைத்தேன். மீட்டர் ஓடிக்கொண்டிருக்கிறது, அவர் கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.

"அந்தத் துண்டை யாருக்காச்சும் வித்திருப்பானுகளா?" என்று கேட்டார்.

"பசங்க வாங்கியிருப்பாங்கப்பா."

"எழுத்து இருக்கிறதை எவன் வாங்குவான். மூஞ்சி இருந்தாத்தான் வாங்குவானுக" என்றார். அப்புறம், இங்கே இரண்டு நாளாக வெயில் நன்றாக அடிக்கிறது என்றும், அம்மா ஸ்வெட்டரைத் துவைத்துப் போட்டிருக்கிறாள் என்றும் சொல்லிவிட்டு வைத்தார்.